எட்கர் ஹோல்ராய்டின் ஆணிப் பலகை

எட்கர் ஹோல்ராய்ட் தச்சன். இங்கிலாந்தில், ஹாலிஃபாக்ஸில் எங்கள் தெருக் கதவுகளில் பாதி அவன் மாட்டியவை. என் கறிக்கடைக் கதவும் அதில் ஒன்று. பதிமூன்று வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு, அடுத்தவன் கடையில் ரத்தம் கழுவி, முப்பது வயதில் சொந்தப் பெயரில் பலகை மாட்டியவன் நான். ‘பாரக்ளஃப்’ என்ற அந்தப் பெயர்ப்பலகையையும் எட்கர்தான் செய்தான். நன்றாகவே செய்தான். எழுத்து மட்டும் இன்னும் கொஞ்சம் பெரிதாக இருந்திருக்கலாம்.

ஐம்பத்தாறாம் வருடம் பிப்ரவரியில் வட்ட ரம்பம் அவன் இடது கையில் மூன்று விரல்களை எடுத்துக்கொண்டது. கட்டை விரலும் ஆள்காட்டி விரலும்தான் மிச்சம். யாரையும் அவன் குறை சொல்லவில்லை. “நான்தான் அசந்துட்டேன்” என்றான், அத்தோடு சரி. வலது கை முழுசாக இருந்ததால் வேலையும் போகவில்லை. போனது ஞாயிற்றுக்கிழமைக் கத்தி.

எங்கள் பக்கத்தில் ஞாயிறு மதியம் மாட்டுக்கறி ரோஸ்ட் மேசைக்கு முழுசாக வரும். சமைப்பது மனைவி. எழுந்து நின்று அறுத்து, எல்லோர் தட்டிலும் வைப்பது கணவன். எட்கர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது அவன் தம்பி வில்ஃப் வந்து அந்தக் கத்தியை எடுத்தான். அண்ணன் வீடு திரும்பிய பிறகும் கீழே வைக்கவில்லை. வில்ஃப் பஸ் கண்டக்டர். கெட்டவன் இல்லை. ஆனால் எந்த இடத்திலும் தான் நின்றுகொண்டு மற்றவர்களை உட்கார வைத்தே பழகியவன். ஆறு ஞாயிறு அவனே அறுத்தான், கட்டை கட்டையாக. எட்கர் தன் வீட்டு மேசையில் தட்டை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

ஒரு வியாழக்கிழமை எட்கரின் மனைவி மேபல் என் கடைக்கு வந்தாள்.

“பாரக்ளஃப் அண்ணே, இந்த வாரம் அவர்தான் அறுக்கணும்.”

“யாரு, வில்ஃபா?”

“வில்ஃப் அறுக்கிற லட்சணத்தைத்தான் ஆறு வாரமா மென்னு முழுங்குறோமே. எங்க வீட்டுக்காரரைச் சொல்றேன். நேத்து ஒரே வார்த்தையா சொல்லிட்டார். இந்த வாரமும் தம்பிதான் அறுப்பான்னா, இனிமே இந்த மேசைக்கு ரோஸ்டே வரக் கூடாதாம். சொன்னா செய்யிற மனுஷன்.”

“கவலைய விடு. வெண்ணெய் மாதிரி அறுபடுற கறி நான் தர்றேன்.”

முதுகுப் பக்கத்து விலாக்கறி கேட்டாள். மிக நல்லதாக ஒன்றை எடுத்து, எலும்பை முழுசாக நீக்கினேன். யார்க்ஷயரில் என்னைவிடச் சுத்தமாக எலும்பு எடுப்பவன் அன்றும் இல்லை, இன்றும் இல்லை. கறியைச் சுருட்டி, எட்டு இடத்தில் நூல் கட்டி, கட்டைத் துண்டு போல உருண்டையாகக் கொடுத்தேன். எலும்பு இல்லாவிட்டால் கத்தி தடையில்லாமல் இறங்கும் என்பது என் கணக்கு. அந்த ஞாயிறும் வழக்கம் போல எனக்கும் சேர்த்தே சமைத்தாள். நான் கடைக்கு மேலே தனியாக இருந்தவன், அந்த மேசையில் பதினெட்டு வருடமாக எனக்கு ஒரு நாற்காலி உண்டு.

மேபல் சமையலில் குறை சொல்ல முடியாது. கறி வெந்ததும் வெளியே எடுத்துத் துணி போட்டு மூடி ஆறவிட்டாள். அது உருக்கிவிட்ட கொழுப்பைத் தகரத் தட்டில் ஊற்றி, புகை வரும்வரை சுடவைத்து, மாவும் முட்டையும் பாலும் அடித்த கரைசலை அதில் ஊற்றி அடுப்புக் கதவைச் சாத்தினாள். அதுதான் எங்கள் புட்டிங். அது உப்பி எழும்வரை கதவைத் திறக்கக் கூடாது, திறந்தால் அமுங்கிவிடும். வில்ஃப் கைப்பிடி பக்கம் நகர்ந்தான்.

“கதவைத் தொட்டே, கை இருக்காது” என்றாள் மேபல்.

“வேணாம் மேபல், இந்த வீட்டுல ஏற்கெனவே விரல் கணக்கு உதைக்குது” என்றான் எட்கர். சிரித்தது அவன் மட்டும்தான்.

புட்டிங்கைக் கிரேவி ஊற்றி முதலில் சாப்பிட்டோம். பிறகு கறி வந்தது.

எட்கர் எழுந்தான். வலது கையில் கத்தி, இடது கையின் இரண்டு விரலில் முள்கரண்டி. கத்தியை வைத்து இழுத்ததுமே கரண்டி விரலுக்குள் திரும்பிக்கொண்டது. கறி தட்டிலிருந்து உருண்டு, மேசைத் துணியில் கிரேவிக் கோடு போட்டுக்கொண்டு வந்து, என் தண்ணீர்க் குவளையில் முட்டி நின்றது.

எட்கர் என்னைப் பார்த்தான். “எலும்பு எங்க?”

“எடுத்துட்டேன். உனக்குச் சுலபமா இருக்கட்டுமேன்னு.”

“அதைத்தானேய்யா நான் பிடிப்பேன். ரெண்டு விரல் போதும் அதுக்கு.”

பதினெட்டு வருடம் எதிரே உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். துணி சுற்றி விலா எலும்பைப் பிடித்துக்கொண்டுதான் அவன் அறுப்பான்.

வில்ஃப் எழுந்து கையை நீட்டினான். “அண்ணே, கத்திய இப்படிக் குடு. அடுத்த ஸ்டாப் வர்றதுக்குள்ள எல்லாருக்கும் போட்டுர்றேன்.”

எட்கர் கத்தியைக் கொடுக்கவும் இல்லை, கீழே வைக்கவும் இல்லை. அதற்குள் மேபல் கறியைத் தூக்கித் தட்டில் வைத்தாள்.

“இது இன்னும் ஆறல. பத்து நிமிஷம் ஆகட்டும். வில்ஃப், உக்காரு. இன்னொரு புட்டிங் இருக்கு.”

கறி வெளியே வந்து முக்கால் மணி நேரம் ஆகியிருந்தது. அது மேசையில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் புட்டிங் வேண்டாம் என்று வில்ஃப் எந்தக் காலத்திலும் சொன்னதில்லை. உட்கார்ந்தான்.

எட்கர் கத்தியோடு பின்கதவு வழியாகப் போனான். போகிற வழியில் சமையலறையிலிருந்து எதையோ எடுத்த சத்தம். பிறகு முற்றத்துக் கொட்டகையில் சுத்தியல் சத்தம்.

“என்ன அண்ணி, அண்ணன் கோழிக்கூடு அடிக்கிறாரா?”

“வாய்ல இருக்கிறத முழுங்கிட்டுப் பேசு.”

எட்கர் திரும்பி வந்தபோது கையில் ரொட்டி அறுக்கும் பலகை. அடியிலிருந்து நான்கு நீள ஆணிகளை அடித்து, தலைகளைக் கட்டைக்குள் இறக்கியிருந்தான். மேலே நான்கு முனைகளும் விரல் உயரத்துக்கு நின்றன.

“ஐயோ, அது எங்கம்மா குடுத்த பலகை!”

“இப்பவும் பலகைதான்.”

மேபல் மறுபேச்சுப் பேசாமல் கெட்டிலைக் கொண்டுவந்து ஆணிகள்மேல் கொதிநீரை ஊற்றினாள். எட்கர் கறியை ஆணிகள்மேல் வைத்து ஒரு அழுத்து அழுத்தினான். அது சுவர் மாதிரி நின்றது. இடது கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு அறுத்தான். அவ்வளவு மெல்லிய துண்டு என் கடையில் நான் மட்டும்தான் போடுவேன். முதல் தட்டு மேபலுக்கு, அடுத்தது எனக்கு, கடைசி வில்ஃபுக்கு.

“என்ன அண்ணே, எனக்கு மட்டும் இவ்வளவு மெல்லிசா?”

“டிக்கெட் இந்தக் கனம்தான் இருக்கும். உள்ளே நகர்ந்து உக்காரு.”

வில்ஃப் சிரித்துவிட்டான். அதன் பிறகு அவன் அந்தக் கத்தியைத் தொடவில்லை. இருபத்திரண்டு வருடம், சாகும்வரைக்கும், ஞாயிற்றுக்கிழமைகளில் எட்கரே அறுத்தான். மேபல் அடுத்த வாரத்திலிருந்து எலும்போடுதான் கறி வாங்கினாள். என் முகத்தைப் பார்த்துக்கொண்டே கேட்பாள். ஆனாலும் எட்கர் பலகையை விடவில்லை.

அதே மாதம் அது போல ஒன்றை என் கடைக்கும் அடித்து வாங்கினேன். பார்த்தவர்களெல்லாம் யார் யோசனை என்று கேட்டார்கள். பல வருடம் என் யோசனை என்றே சொல்லிவந்தேன். எட்கர் பக்கத்தில் நின்றபோதும் சொல்லியிருக்கிறேன், அவன் மறுக்கவில்லை. உண்மையில் அந்த யோசனை எட்கர் ஹோல்ராய்டுடையது. நான் எலும்பை அவ்வளவு சுத்தமாக எடுக்காவிட்டால் அது வந்திருக்காது என்பதையும் சேர்த்தே எழுதிவைக்கிறேன்.