நாற்பத்திரண்டாவது பெண்

நான் இதையெல்லாம் நம்புகிற ஆள் இல்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். புதுக் கார் வாங்கிப் பூஜை போட்டு, டயருக்கு அடியில் எலுமிச்சம்பழம் வைத்தபோது, இதில் ஜூஸாவது போட்டுக் குடிக்கலாமே என்று கணவரிடம் சண்டை பிடித்தவள் நான். டேட்டாபேஸ் வேலை பார்க்கிறவளுக்கு ஒரு விஷயம் இருக்கும், இல்லாவிட்டால் இருக்காது, நடுவில் எதுவும் கிடையாது. அதனால் நீங்கள் நம்பாவிட்டால் எனக்குக் கோபம் வராது.

நாங்கள் அமெரிக்காவில் பார்சிப்பனி என்கிற ஊரில் இருக்கிறோம். போன குளிர்காலத்தில், அங்கிருந்து முக்கால் மணி நேரம் தள்ளி ஒரு சின்ன ஆர்ட் மியூசியத்தில் எனக்கு ஆறு மாதக் கான்ட்ராக்ட் கிடைத்தது. படங்களைப் பற்றிய பதிவுகளைப் பழைய சிஸ்டத்திலிருந்து புதியதற்கு மாற்றித் தரவேண்டும். அந்தப் பதிவுகளுக்குப் பொறுப்பு டெனிஸ், அறுபதை நெருங்கும் கறுப்பினப் பெண்மணி, அளந்துதான் பேசுவார்.

அங்கே பழைய காலத்து ஓவியங்களும் போட்டோக்களும் ஒரு தொகுப்பாக இருந்தன. எல்லாவற்றிலும் ஒரு வெள்ளைக்காரக் குழந்தை, லேஸ் வைத்த கவுனில், அடிமையாகவோ ஆயாவாகவோ அதை வளர்த்த ஒரு கறுப்பினப் பெண்ணின் மடியில் உட்கார்ந்திருக்கும். குழந்தையின் பெயர், அதன் அப்பா பெயர், பரம்பரை எல்லாம் எழுதி வைத்திருப்பார்கள். மடி யாருடையது என்று மட்டும் எழுதியிருக்காது. 'பெயர் தெரியாத பெண், குழந்தையுடன்' என்றே நாற்பத்தொரு படங்களுக்கும் தலைப்பு. டெனிஸ் பதினொரு வருடமாக லென்ஸ் வைத்துப் பார்த்து, இவளுக்குப் புருவத்தில் தழும்பு, அவளுக்கு விரலில் மெல்லிய மோதிரம் என்று ஒவ்வொருத்தியைப் பற்றியும் எழுதி வைத்திருந்தார். என்றைக்காவது ஒரு பேத்தியோ கொள்ளுப்பேத்தியோ வீட்டுப் படத்தோடு வந்தால் அடையாளம் கண்டு பெயரைச் சேர்த்துவிடலாம் என்று அவருக்கு நம்பிக்கை. வசந்தத்தில் அந்த நாற்பத்தொரு பேருக்காகவே ஒரு கண்காட்சி வைப்பதாக இருந்தது.

நான் என்ன செய்தேன் என்றால், முன்னால் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு எழுதிய புரோகிராமை அப்படியே ஓட்டினேன். தலைப்பு ஒரே மாதிரி இருந்து, ஆளின் பெயர் காலியாக இருந்தால் ஒரே ஆள்தான் திரும்பத் திரும்ப வந்திருக்கிறார், ஒன்றாகச் சேர்த்துவிடு என்பது அதன் விதி. வெள்ளிக்கிழமை மதியம் ஓட்டிவிட்டு, டேகேரில் மகளை எடுத்துக்கொண்டு, வீட்டுக்குப் போய் தோசை சுட்டுச் சாப்பிட்டு நிம்மதியாகத் தூங்கினேன். அந்தத் தூக்கத்தை நினைத்தால் இப்போதும் அவமானமாக இருக்கிறது.

திங்கள் காலை டெனிஸ் என் மேசைக்கு வந்து நின்றார். கத்தவில்லை. "நாற்பத்தொரு பேர் இருந்தார்கள், இப்போது ஒருத்திதான் இருக்கிறாள். எங்கள் ஆட்கள் எல்லாரும் ஒரே மாதிரிதான் தெரிகிறார்கள் என்று மனிதர்கள் முன்னாலும் சொல்லியிருக்கிறார்கள். கம்ப்யூட்டர் சொல்லி இப்போதுதான் கேட்கிறேன்" என்றார். சொன்னது கம்ப்யூட்டர் இல்லை, நான்தான்.

நல்ல வேளை, வெள்ளி காலை எடுத்த பேக்கப் இருந்தது. திறந்து எண்ணிப் பார்த்தேன், நாற்பத்தொன்று. அதைத் திரும்ப ஏற்றினேன். நீங்கள் நம்பினாலும் நம்பாவிட்டாலும் சரி, ஏற்றி முடித்ததும் எண்ணிக்கை நாற்பத்திரண்டு. அழித்துவிட்டு மறுபடி ஏற்றினேன், நாற்பத்திரண்டு. மூன்றாம் தடவையும் அதே.

கூடுதலாக வந்த பதிவில் படம் இல்லை, விவரம் மட்டும் டெனிஸ் எழுதுகிற அதே முறையில் இருந்தது. நீலக் கரை போட்ட வெள்ளைச் சேலை. மடியில் ஒரு வயதுப் பெண் குழந்தை, கன்னத்தில் மைப்பொட்டு. குழந்தையின் வலது காலில் கொலுசு, இடது காலில் இல்லை. படம் பெண்ணின் கழுத்துக்கு மேல் வெட்டப்பட்டிருக்கிறது. குழந்தையின் பெயர் என்ற கட்டத்தில் என் பெயர், பள்ளிக்கூடத்தோடு நான் விட்டுவிட்ட அப்பாவின் இனிஷியலோடு. பெண்ணின் பெயர் என்ற கட்டம் காலி. கீழே இன்னும் ஒரு வரி இருந்தது, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

டெனிஸ் எட்டிப் பார்த்து, நம் தொகுப்பில் சேலை எப்படி வந்தது என்று கேட்டார். அதை அவர் எழுதவில்லை. அந்தப் போட்டோ எனக்குத் தெரியும், ஈரோட்டில் அம்மாவின் பீரோவில் இருக்கிறது, என் போனில்கூடக் கிடையாது.

பார்க்கிங் லாட்டுக்குப் போய் காரில் உட்கார்ந்து அம்மாவைக் கூப்பிட்டேன். அம்மா சீரியல் சத்தத்தைக் குறைத்துவிட்டு, "அந்தப் போட்டோவா கண்ணு? ஃப்ரேமுக்குள்ள அடங்குலீன்னு நாந்தான் மேல கத்தரிச்சுப் போட்டேன். நீ நடுவுல வரோணுமல்லோ" என்றாள். என்னை மடியில் வைத்திருக்கிற அந்த அக்கா பேர் என்னம்மா என்றேன்.

"வேலைக்கு வாரவகிட்ட பேரெல்லாம் ஆரு கண்ணு கேட்டா? ஏ புள்ளேன்னு கூப்புடுவோம், வருவா. அவளுக்கும் ஒரு கைக்கொழந்தை இருந்துச்சு. இங்க கூட்டியாரக் கூடாதுன்னு உங்கப்பா சொல்லிப்போட்டாரு."

எனக்கு ஐந்து வயதாகும்வரை அவள் எங்கள் வீட்டுக்கு வந்தாள். அவளுக்கென்று பின்வாசலில் ஒரு தனி டம்ளர் கவிழ்த்து வைத்திருக்கும், அதன் விளிம்பு நசுங்கியிருந்ததுகூட எனக்கு ஞாபகம் இருக்கிறது. பெயர் ஞாபகமில்லை. பெயரே தெரியாததை எப்படி மறந்தேன் என்று சொல்வது? ஸ்டியரிங்கில் தலையை வைத்து ரொம்ப நேரம் அழுதேன்.

உள்ளே போய் டெனிஸிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, இதை அழித்துவிடட்டுமா என்றேன். அவர் சிரிக்கவில்லை. "அழிக்காதே. அந்தக் கட்டத்தைக் காலியாக விடு, உன் மனசு ஆறுவதற்காக ஏதாவது ஒரு பெயரைப் போட்டுவிடாதே" என்றார். அப்படியே விட்டேன். அம்மா ஊரில் நாலு பேரிடம் விசாரித்தாள், யாருக்கும் தெரியவில்லை. கண்காட்சி நல்லபடியாக நடந்தது, நாற்பத்தொரு பெண்களும் சுவரில் தனித்தனியாகத்தான் இருந்தார்கள்.

அம்மா அன்று இரவே அந்தப் போட்டோவை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டாள். நீலக் கரை, மைப்பொட்டு, ஒற்றைக் கொலுசு, எல்லாம் சரியாக இருந்தது. கழுத்துக்கு மேல் கத்தரி போன கோடு. வெட்டிய அன்றைக்கே அந்தத் துண்டைக் குப்பையில் போட்டாயிற்று, நெகட்டிவும் இல்லை. ஆனால் அந்தப் பதிவின் கடைசி வரி இதுதான்: குழந்தை கேமராவைப் பார்க்கிறது, குழந்தையைப் பார்த்துப் பெண் சிரிக்கிறாள்.