கூட்டி அள்ளிய இலைகள்

சுவிஸில் சூக் ஏரிக்கரை. அடுத்த ரயிலுக்கு ஒரு மணித்தியாலம் கிடக்கிறது. கோப்பிக் கடை முற்றத்தில் இரண்டு ஆள் உயர ஜப்பானிய மேப்பிள் மரம் ஒன்று அடி முதல் நுனி வரை குங்குமமாய்ச் சிவந்து நிற்கிறது. அதன் கீழே நம்மவர் ஒருவர், ஈழத்துப் பொடியன், கூட்டி அள்ளிய இலைகளைச் சாக்கோடு நிலத்தில் கவிழ்க்கிறார்.

“என்ன தம்பி, கூட்டினதை ஆரும் திருப்பிக் கொட்டுவினமோ?”

“கதையாதேங்கோ அண்ணை. அகதியா வந்து ரெண்டு வருசம் அலைஞ்சு கிடைச்ச முதல் வேலை, இண்டைக்கு மூண்டாம் நாள். முத்தம் எண்டால் கூட்டத்தானே வேணும்? ஒரு இலை விடாமல் கூட்டிப்போட்டன். சனம் வாறதே இந்த இலையைப் பாக்கத்தானாம், இப்பதான் குசினிக்காரன் சொல்லுறான். முதலாளியம்மா கண்டால் வேலை போச்சு.”

பழுத்த ஓலையைப் பார்த்துக் குருத்தோலை சிரித்ததாம் என்பார்கள் எங்களூரில். இங்கே பழுத்த இலைக்கு நாற்காலி போட்டு வைத்திருக்கிறார்கள்! பையை வைத்துவிட்டு நானும் குனிகிறேன். ஊரில் கோயில் முற்றம் அலங்கரித்த கைப்பழக்கம் விடுமா? மரத்தைச் சுற்றி, ஓரம் பிசகாத வட்டமாக, பூக்கோலம் போலப் பரப்பிவிடுகிறோம்.

முதலாளியம்மா வருகிறார். வட்டத்தைப் பார்க்கிறார், தம்பியைப் பார்க்கிறார். ஜெர்மனில் ஏதோ சொல்லிச் சிரித்தபடி, ஒரு மேசையைத் தானே இழுத்து வட்டத்தின் அருகில் போடுகிறார்.

தம்பிக்கு இப்போதுதான் மூச்சு வருகிறது. “காத்து இப்பிடி அடுக்காதாம் அண்ணை. நாளைக்கும் இப்பிடியே போடட்டாம். இருங்கோ, கோப்பி கொண்டுவாறன்.”

கோப்பி முடியுமுன் என் ரயில் போகிறது. போகட்டும், முதல் மேசை எனக்குத்தான்.