அப்பாவின் சனிக்கிழமை அறை

எங்கள் அப்பா மறைந்து ஓராண்டு நிறைகிறது. எங்கள் வீட்டுப் பின்புறமுள்ள ஓட்டு அறை எதற்கென்று உறவினர் பலருக்கு இன்னும் சந்தேகம் உண்டு. மகள் என்ற முறையில் அதைச் சொல்லிவிடுகிறேன்.

அப்பா கரிவலம்வந்தநல்லூரில் பிறந்தார்கள். சிறுவயதிலேயே தகப்பனாரை இழந்து, அண்ணனான எங்கள் பெரியப்பாவின் உழைப்பில் படித்து, சரக்குக் கப்பலில் இயந்திர அறை வேலைக்குப் போனார்கள். கப்பல் பழுதாகி ஒரு குளிர்காலம் முழுக்கப் பின்லாந்தில் நின்றது. உடன் வேலை பார்த்த அந்நாட்டு நண்பர் தம் வீட்டுக்கு அழைத்துப் போய் சவுனாவைக் காட்டினார். மர அறைக்குள் கற்களைச் சூடேற்றி, தண்ணீர் ஊற்றி, எழும் ஆவியில் உட்கார்ந்து வியர்த்துக் குளிப்பது. அவர்களுக்கும் சனிக்கிழமைதான் குளியல் நாள் என்றதும் அப்பாவுக்கு அந்த நாடு பிடித்துப்போயிற்று.

எழுபதுகளில் சங்கரன்கோவிலில் விசைத்தறி மோட்டார் பழுதுபார்க்கும் பட்டறை வைத்தார்கள். கையோடு வீட்டுப் பின்புறம் அதே போல ஓட்டு அறையையும் கட்டினார்கள். "நம்மூரு வெயிலு காணாதுன்னா தனியா அடுப்பு வைக்கிய, அண்ணாச்சி?" என்று தெருவே கேலி செய்தது. அங்கே ஆவியில் உட்கார்ந்து இலைக்கிளையால் உடம்பில் அடித்துக்கொள்வது வழக்கம்; அந்த மரம் இங்கே இல்லாததால் அப்பா வேப்பங்குழையால் முதுகில் அடித்துக்கொள்வார்கள். அதைப் பார்த்த பக்கத்து வீட்டு அத்தை, சாமி வந்துவிட்டதென்று விபூதித் தட்டோடு ஓடிவந்தார். சளிக்காரர்கள் வேது பிடிக்க வந்து தண்ணீரில் நொச்சி இலை போடப் பார்ப்பார்கள். "இது மருந்து இல்லவே. சும்மா உக்காரும்" என்று அப்பா தடுத்துவிடுவார்கள்.

அந்த அறைக்குள் குரலை உயர்த்தக் கூடாது, பெரியவன் சின்னவன் பார்க்கக் கூடாது என்பது அப்பா பின்லாந்தில் கற்ற முறை. பெரியப்பா ஒரே ஒருமுறை வந்தார்கள். பட்டறையில் வேலை பார்த்த மாசானம் அண்ணன் படிபோல் அடித்த பலகைகளில் மேல்பலகையில் உட்கார்ந்திருந்தார்.

"அவன எறங்கச் சொல்லு."

"இங்கன அப்படிச் சொல்லக் கூடாதுண்ணே."

பெரியப்பா துண்டை உதறிக்கொண்டு போனவர்கள், பிறகு அப்பாவோடு பேசவே இல்லை. எனக்கு இருவர் மேலும் கோபம். வளர்த்த அண்ணனுக்காக ஒரு வார்த்தை விட்டுக்கொடுத்தால் என்ன என்று கேட்டேன். "அத விட்டுட்டா மிச்சம் வெறும் வெந்நிதானட்டி" என்றார்கள் அப்பா. ஆனாலும் ஒவ்வொரு சனிக்கிழமையும் தெருவை ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் உள்ளே போவார்கள்.

அப்பா நெஞ்சுவலியில் படுத்த பிறகும் மாசானம் அண்ணன் வாரம் தவறாமல் அடுப்பு மூட்டினார். ஒரு ஞாயிறு விடியலில் அப்பாவின் உயிர் பிரிந்தது. பின்லாந்தில் முன்பெல்லாம் இறந்தவரையும் அந்த அறையில்தான் குளிப்பாட்டுவார்களாம். தமக்கும் அப்படியே செய்ய வேண்டுமென்று அம்மாவிடம் சொல்லியிருந்தார்கள். முற்றத்தில்தானே வழக்கம் என்று உறவினர் முணுமுணுத்தார்கள். சாவுக்கு வந்திருந்த பெரியப்பாதான் மூத்தவர்; அவர்கள் சொல்லுக்காக எல்லோரும் காத்திருந்தோம்.

"அவன் சொன்னபடிக்கே செய்யுங்க" என்றார்கள் பெரியப்பா.

வைத்தியம் பார்த்தவர்கள், தோள் கொடுத்த தெருக்காரர்கள், பட்டறை நண்பர்கள் அனைவருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. பெரியப்பாவுக்கு எப்படி நன்றி சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை. அன்று அப்பாவைக் குளிப்பாட்ட எடுத்துவந்த நீர்மாலைக் குடத்தோடு அந்த அறைக்குள் நுழைந்த பெரியப்பா, வாசலில் ஒதுங்கி நின்ற மாசானம் அண்ணனைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"உள்ள வாடே மாசானம். எனக்கு இங்கத்த முறை தெரியாது. நீ சொல்லு, நான் செய்யுதேன்."