யப்பான்காரர் முகம் காட்டாத இடம்

ஞாயிறு பின்னேரங்களில் டீவியில் யப்பான் நாட்டுத் தொடர் ஒன்றைச் சிங்களக் குரலில் போடுவார்கள். எனக்குக் கடையில் சாமான் வாங்குமளவு சிங்களம்தான் தெரியும். கொட்டாஞ்சேனை இரும்புக்கடையில் வேலை செய்த என் கணவர் பக்கத்திலிருந்து தமிழில் சொல்லுவார். வீட்டை விட்டுப் போன தகப்பன் ஒருவன், அவன் வரவைப் பார்த்திருக்கும் பெண்சாதி பிள்ளைகள். அவ்வளவுதான் கதை.

அவருக்குக் கதையைவிட அதை எடுத்த இயக்குநரைத்தான் பிடிக்கும். போனில் தேடித் தேடி வாசிப்பார். அந்த மனிதர் தொலைக்காட்சியில் எடுபிடியாகத் தொடங்கி, பெரிய படங்கள் எடுத்து, அவை ஓடாமல்போக, வயதான காலத்தில் மறுபடி தொலைக்காட்சிக்கே வந்தவராம்.

“கீழ இறங்கினதெண்டு எழுதியிருக்கிறாங்கள். மனுசன் வீட்டுக்குத் திரும்பியிருக்கிறார், அவ்வளவுதான்,” என்பார். பிறகு திரையைக் காட்டுவார். “இஞ்ச பாரும், அவ அழப்போறா எண்டதும் கமரா பின்னால போயிடும். முதுகைத்தான் காட்டுவார்.”

சிறுநீரக வருத்தத்தோடு அவர் களுபோவில ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, தொடரைப் பார்த்துச் சொல்லுவது என் வேலையானது.

“என்னப்பா, தகப்பன் வந்திட்டானோ?”

“இல்லை. மழை பெய்தது. தாயும் மகளும் கனநேரம் கதைச்சவை.”

“என்ன கதைச்சவை?”

“எனக்கு விளங்கேல்லை.”

சிரித்தார். சிரிக்க இருமல் வந்தது. “நல்ல ஆளிட்டைக் கேட்டன். வாற கிழமை கடைசிப் பகுதி. வந்தானோ இல்லையோ, அதை மட்டும் வடிவாப் பாத்துச் சொல்லும்.”

அந்த ஞாயிறு வருமுன்னமே அவர் போய்விட்டார்.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடியும்வரை செத்தவீட்டில் டீவி போடக்கூடாது. சொந்தக்காரர் அதை வெள்ளைச் சீலையால் மூடியிருந்தார்கள். அந்த ஞாயிறு பின்னேரம் வீடு நிறைய ஆட்கள். அடுத்த வீட்டுச் சுவருக்கு அப்பாலிருந்து தொடரின் பாட்டுக் கேட்டது. பிறகு குரல்கள். பிறகு ஒன்றுமில்லை. சீலையைப் பார்த்தபடி இருந்தேன்.

அந்தியேட்டி கழிந்தபின் அடுத்த வீட்டு முஸ்லிம் அக்கா வந்தா. ராத்தா என்றுதான் கூப்பிடுவோம். தேத்தண்ணி ஊற்ற அடுப்படிக்குப் போனேன், அவவும் பின்னால் வந்தா. கேட்க வெட்கமாக இருந்தது. என்றாலும் கேட்டேன்.

“ராத்தா, அந்த யப்பான் தொடரில தகப்பன் வந்தவரோ?”

“வந்துட்டாரு புள்ள. ஆனா மூஞ்சக் காட்டல்லயே! வாசல்ல செருப்பக் கழட்டுற காலு மட்டுந்தான். அதோட முடிச்சிட்டான் படம் எடுத்தவன். என்ன மனுசனோ! இவ்வளவு நாளு பாத்த நமக்கு ஒரு மூஞ்சக் காட்டினா என்ன?”

நான் திரும்பவில்லை. கேத்திலில் தண்ணி கொதித்துக்கொண்டிருந்தது.

“சீனி போடவோ ராத்தா?” என்று அடுப்பைப் பார்த்தபடியே கேட்டேன்.