கடற்காற்றில் கிடந்த ரப்பர் துண்டு

கந்தக வாடை. திருவொற்றியூரில் ரயில்வே கேட் மூடிக் கிடக்கும்போது, ஏதோ ஒரு பட்டறையிலிருந்து வெந்த ரப்பரின் அந்த வாடை வந்தால் போதும். ஹெல்மெட்டோடு திரும்பிப் பார்த்துவிடுகிறேன். பின்சீட்டில் யாரும் இல்லை. போன மழைக்காலம் வரை என் நண்பன் அதில் உட்கார்ந்து வந்தான்.

இருவருக்கும் ஒரே தொழிற்சாலை. கப்பல் வந்து முட்டும்போது துறைமுகச் சுவரைக் காக்கிற ரப்பர் மெத்தைகள் செய்கிறோம். நான் சோதனைக்கூடத்தில், அவன் ரப்பரை அச்சில் அழுத்தி வேகவைக்கும் பிரஸ்ஸில். உப்புக்காற்று ரப்பரை எப்படிக் கிழமாக்குகிறது என்று இருவருமாக ஒரு கட்டுரை எழுதி, ரப்பர் ஆராய்ச்சி இதழ் ஒன்றுக்கு அனுப்பியிருந்தோம். பதில் வருவதற்குள் நெஞ்சுவலி அவனைக் கொண்டுபோய்விட்டது.

பதில் வந்தது. கட்டுரை பிடித்திருக்கிறதாம். ஆனால் அதே கலவையில், அதே காற்றில் கிடந்த இன்னொரு துண்டையும் இழுத்து அறுத்துக் காட்டினால்தான் அச்சேற்றுவார்களாம்.

தொழிற்சாலை மொட்டைமாடிக்குப் போனேன். சோதனைக்காகக் கடலைப் பார்த்த கம்பிச் சட்டத்தில் நாங்கள் கட்டிவிட்டவற்றில் ஒரே ஒரு துண்டு மிச்சம். அதன் நுனியில் அவன் கட்டைவிரல் ரேகை. வேகாத ரப்பரை வெறுங்கையால் தொடக்கூடாது. விரலில் இருக்கும் கிரீஸ் அப்படியே வெந்து பதிந்துவிடும். அவன் தொட்ட அன்றைக்கே திட்டினேன்.

"நடுவுலயா வச்சேன்? ஓரத்துலதான மாமு. கைநாட்டு வச்சிக் குட்த்துக்கீறேன்னு அந்த புக்குகாரன்ட்ட சொல்லு," என்று சிரித்தான்.

வெயிலில் அது சூடாக இருந்தது. உயிருள்ள விரலின் சூடு. என் விரலை அதன்மேல் வைத்தேன், எடுக்க மனம் வரவில்லை. இழுக்கும் இயந்திரத்தின் பற்கள் கவ்வுவது சரியாக அந்த நுனியைத்தான். ஒரு கடி, ரேகை போய்விடும். வேறு துண்டு செய்யலாம். அத்தனை நாள் காற்றை எங்கே போய் வாங்குவது?

வியாசர்பாடியில் அவன் வீட்டுக்கு எடுத்துப் போனேன். முடிவு அவன் மனைவியுடையது என்று பட்டது. சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, துண்டை வாங்கி மூக்கருகே கொண்டுபோனாள்.

"அவரு சட்ட நாத்தம் கீது," என்றாள். "எவ்ளோ தொவச்சாலும் போவாது. டெய்லி சண்டதான்."

"வேணாம்னா சொல்லும்மா. கட்டுரைய வாபஸ் வாங்கிடுறேன். இத நீயே வச்சுக்க."

"வச்சிக்கினு? தெனம் எட்த்து தடவிக்கினு குந்தினு இருக்கவா? பேஜாருண்ணா." கொஞ்ச நேரம் ரேகையையே பார்த்தாள். "அந்த புக்குல பேரு வரும், பேரு வரும்னு தெரு ஃபுல்லா பீத்திக்கினு திரிஞ்ச மன்சன். வரலன்னா என்னைத் தூங்க வுடமாட்டாரு. எட்த்துனு போ."

துண்டைத் தாளில் சுற்றி என் கையில் வைத்தாள். பிடியை விடவில்லை, பிறகு விட்டாள். பாதிப் படி இறங்கியிருப்பேன், மேலே கைப்பிடிச் சுவரில் சாய்ந்து கூப்பிட்டாள்.

"அண்ணா, அறுந்து போறதுக்கு முன்ன எவ்ளோ தூரம் தாங்குச்சுன்னு எனக்கு மட்டும் வந்து சொல்லு."