சட்டலைட்டை நம்பிப் பொண்ணு பார்க்கப் போன வீரய்யா

மஸ்கெலியா பஸ் ஸ்டேண்டுக்கிட்ட வேன் வச்சிருந்த வீரய்யாவுக்கு ஒரு வியாதி இருந்துச்சு. சளியோ காய்ச்சலோ இல்ல. யாருக்கிட்டயும் வழி கேட்க மாட்டான். "டிரைவரு வழி கேட்டா, பின்னாடி ஒக்காந்திருக்க சனத்துக்கு வயித்தக் கலக்கிரும்"னு அதுக்கு ஒரு ஞாயமும் வச்சிருந்தான். ஆளு நல்லா ஓட்டுவான், அதுல குத்தம் சொல்ல முடியாது. இந்த வளைவு ரோட்டுல எதிர்க்க பஸ்ஸு முட்டிக்கிட்டு வந்தாலும் பதறாம ஒதுங்கிக் குடுப்பான். ஆனா தெரியாத தேயிலைத் தோட்டத்துக்கு வாடகை ஹயர் கெடச்சா, எல்லாம் தெரிஞ்ச மூஞ்சிய வச்சுக்கிட்டு எங்கயாவது கொண்டு போய் விட்டுருவான்.

ஒரு தடவ எழவு வீட்டுக்குப் போற சனத்தைக் கொண்டு போய் சடங்கு வீட்டுல இறக்கிட்டான். வரிசையா வீடு இருக்க லயத்து வாசல்ல பந்தல் போட்டிருந்துச்சு, கூட்டமும் நின்னுச்சு, அவனுக்கு அது போதும். வேன்ல இருந்து இறங்கின பொம்பளைங்க இறங்கின கையோட மாருல அடிச்சு, ஒருத்தர ஒருத்தர் கட்டிப்பிடிச்சு ஒப்பாரி வைக்க ஆரம்பிச்சாங்க. உள்ள வயசுக்கு வந்த புள்ளைக்கு மஞ்சத்தண்ணி ஊத்திக்கிட்டிருந்தாங்க. அந்த வீட்டு ஆளுங்களே வேனைத் தள்ளிக்கிட்டு வந்து ரோட்டுல விட்டாங்க. அதுலருந்து ஸ்டேண்டுல அவன் பேரு சடங்கு வீட்டு வீரய்யா.

முப்பத்தஞ்சு தாண்டியும் கல்யாணம் ஆகல. அக்கா நாகலெட்சுமிதான் தூக்கி வளத்தது, அவதான் கோயில் கோயிலா ஏறி எறங்கிக்கிட்டு இருந்தா. கடைசியில அவ புருசன் பொன்னையா பொகவந்தலாவைப் பக்கம் ஒரு பொண்ணு இருக்குன்னு போட்டோ கொண்டாந்தாரு. பேரு பூரணி. பொகவந்தலாவை பஜார்ல கம்யூனிகேஷன் கடையில வேலை. போன் திருத்துறது, கார்டு விக்கிறது எல்லாம் அதுதான். போட்டோவுல அந்தப் பொண்ணு சிரிக்கல. படம் புடிச்சவன் சிரிக்கச் சொல்லியும் சிரிக்காத மாதிரி நேராப் பார்த்துக்கிட்டு நின்னுச்சு. வீரய்யாவுக்கு அதுவே புடிச்சுப் போச்சு. வேன்ல சாமி படத்துக்குப் பின்னாடி அந்தப் போட்டோவை சொருகி வச்சுக்கிட்டு, சிக்னல் போடுற நேரம் தவிர மத்த நேரமெல்லாம் அதைத்தான் பார்த்தான்.

பொண்ணு பார்க்கப் போன மொத நாளே எல்லாம் கோணிக்கிருச்சு. பொண்ணு வீடு கல்மலைத் தோட்டத்து மேக்கணக்குல. மேக்கணக்குன்னா தோட்டத்தோட மேல் பிரிவு, உச்சியில இருக்கு. பஜார் வரைக்கும் வீரய்யா கண்ணக் கட்டிக்கிட்டு ஓட்டுவான். அதுக்கு அங்கிட்டு தேயிலைக்குள்ள ரோடு பிரியுது பாருங்க, அங்கதான் வினை. கேட்டா என்னன்னு பொன்னையா சொன்னாரு. நாகலெட்சுமி விடல. வழி கேட்டா எவனா இருந்தாலும் மொதல்ல "எங்க போறீங்க"ன்னுதான் கேப்பான். நல்ல காரியத்துக்குப் போறவங்களப் பார்த்து அந்தக் கேள்வி கேட்டா காரியம் வெளங்காது. வீரய்யாவுக்கு அது ரொம்ப வசதியாப் போச்சு. மூடுபனியில சுத்து சுத்துன்னு சுத்தி, வேற தோட்டத்து ஃபேக்டரி வாசல்ல போய் நின்னு, வாச்சர் வெரட்டி, ஊருக்கே திரும்பிட்டாங்க.

அங்க பொண்ணு வீட்டுல கேசரி கிண்டி, சொந்த பந்தமெல்லாம் வெள்ளை வேட்டி கட்டி ஒக்காந்திருந்துச்சு. பொண்ணோட அப்பா செல்லசாமி சொல்லி அனுப்பிட்டாரு: "வழி தெரியாத டிரைவருக்கு எப்படிங்க பொண்ணு குடுக்கிறது?" அத்தோட முடிஞ்சிருக்கணும். ஆனா பொண்ணே இன்னொரு தடவ வரச் சொல்லுங்கன்னு சொல்லிருச்சாம். ஏன்னு யாருக்கும் வெளங்கல. ஒரே ஒரு தடவ, ஞாயித்துக்கிழமை ராகு காலத்துக்கு முன்னாடி, அதாவது நாலரைக்கு முன்னாடி வாசப்படி மிதிக்கணும். இல்லாட்டி வேற இடத்துல பேசிருவோம்னாரு செல்லசாமி. வீரய்யா அன்னிக்கு சோறு திங்கல. அந்தப் பொண்ணு இல்லாட்டி தனக்கு வேற எவளும் வேணாம்னு அக்காகிட்டச் சொல்லிட்டான். வாயத் தொறந்து அவன் ஒண்ணு வேணும்னு சொன்னது அதுதான் மொதத் தடவ.

அது ரெண்டாயிரத்தி ஒம்பது. கட்டார்ல இருந்து லீவுல வந்த கூட்டாளி தர்ஷன்கிட்ட ஒரு போன் இருந்துச்சு. அதுல மேப் இருக்கு, வானத்துல இருக்க சட்டலைட்டப் பார்த்து நாம நிக்கிற எடத்தக் காட்டும், யாருக்கிட்டயும் வழி கேட்கத் தேவையில்லன்னு தர்ஷன் சொன்னான். கடைசி வார்த்தையக் கேட்டதும் வீரய்யா வாங்கின போனைக் கைய விட்டு விடல. மஸ்கெலியா டேம் தண்ணிக்கரையில போய் நின்னு ரெண்டு பேரும் சோதிச்சுப் பார்த்தாங்க. நீலக் கலர்ல பெரிய தண்ணி, அதுக்குக் கரையில ஒரு புள்ளி. "அந்தப் புள்ளிதான்டா நீ"ன்னான் தர்ஷன். வீரய்யா நாலு எட்டு நடந்தான், புள்ளியும் நடந்துச்சு. அவனுக்கு அழுகையே வந்துருச்சு. போனை இரவல் வாங்கி, தன் சிம்மை அதுல போட்டு, அக்காகிட்டக் காட்டினான். அவளும் வாங்கி, சாமி படத்துக்கிட்ட ஒரு நாள் பூரா வச்சு, சந்தனம் கொழைச்சுப் பொட்டு வச்சுக் குடுத்தா.

ஞாயித்துக்கிழமை வெத்தல பாக்கு, பூ, பழத்தோட மூணு பேரும் கெளம்பிட்டாங்க. போனை கண்ணாடிக்கு முன்னாடி நிமித்தி வச்சு வீரய்யா ஓட்டினான். நோர்வூட் தாண்டியாச்சு, புள்ளி மஸ்கெலியாவுல நிக்குது. பொகவந்தலாவை பஜாருக்கே வந்தாச்சு, புள்ளி இன்னமும் மஸ்கெலியாவுல தண்ணிக்கரையிலதான் நிக்குது.

"ஏன் மாப்புள, நாம இன்னும் கெளம்பவே இல்லையா?"ன்னாரு பொன்னையா.

"யோசிக்குது மச்சான். இப்ப வந்துரும்."

தேயிலைக்குள்ள ஏறி, ரோடு ரெண்டாப் பிரியிற ஒரு வளைவுல வந்து வேனை நிப்பாட்டினான். அன்னிக்குப் பனி இல்ல, வெயில் பளிச்சுன்னு அடிச்சுது. வீரய்யா எறங்கிப் போனை அமத்தி, ஆஃப் பண்ணித் திரும்பப் போட்டான். வேட்டியில தொடச்சான். கையத் தூக்கி வானத்துக்குக் காட்டினான். அப்பறம் பட்டு வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு வேன் கூரை மேலயே ஏறி நின்னுட்டான். புள்ளி அசைஞ்சாத்தானே.

அந்த நேரம் பார்த்து மேல இருந்து கொடையோட ஒரு ஆளு எறங்கி வந்தாரு. கூரையில நிக்கிறவனப் பார்த்தாரு, வேனுக்குள்ள இருக்கவங்களப் பார்த்தாரு. மரியாதையாத்தான் கேட்டாரு: "எங்க போறீங்க?"

நாகலெட்சுமி ரெண்டு காதையும் பொத்திக்கிட்டா. "கேட்டுட்டான் பாவி"ன்னு தலையில அடிச்சுக்கிட்டா. அந்தத் தோஷத்துக்கு என்ன செய்யணும்? ஒக்காந்து தண்ணி குடிச்சுட்டுத் திரும்பப் பொறப்படணும். வீரய்யாவக் கூரையில இருந்து எறங்கச் சொல்லி, மூணு பேரும் வேனுக்குள்ள வரிசையா ஒக்காந்து, வாயத் தொறக்காம, போத்தல்ல இருந்து ஆளுக்கு ஒரு வாய் தண்ணி குடிச்சாங்க. கொடைக்காரரு கொஞ்ச நேரம் நின்னு பார்த்தாரு. தலைய ஆட்டிக்கிட்டு வந்த வழியே மேல ஏறிப் போயிட்டாரு.

"போதும்டா தம்பி, வண்டியத் திருப்பு. போனும் ஊரை விட்டு அசைய மாட்டேங்குது, கேட்கக் கூடாததையும் கேட்டுட்டான். அம்மனுக்கு இஷ்டமில்ல"ன்னா அக்கா. பொன்னையா கடிகாரத்தப் பார்த்தாரு. நாலு மணி ஆகப் போகுது. வீரய்யா சாமி படத்துக்குப் பின்னாடி இருந்த போட்டோவப் பார்த்தான். சாவியத் திருகக் கை வரல.

போன் அடிச்சுது. எடுத்து லவுட் ஸ்பீக்கர்ல போட்டான்.

"நான் பூரணி பேசுறேன். எங்க இருக்கீங்க?"

"கிட்ட வந்துட்டோம்"னான் வீரய்யா. பொய்யின்னு பொன்னையா மூஞ்சியத் திருப்பிக்கிட்டாரு. "போன்தான் கொஞ்சம் சரியில்ல. மேப் வேலை செய்யல."

"என்ன காட்டுது?"

"மஸ்கெலியா."

சிரிப்ப அடக்குறாளோன்னு வீரய்யாவுக்குச் சந்தேகம். அப்பறம் கடையில ஆள் வந்து நின்னா கேக்கிற மாதிரி ஒண்ணொண்ணாக் கேட்டுச்சு. அமத்திப் போட்டீங்களா? போட்டேன். வெட்டவெளியில வச்சுப் பார்த்தீங்களா? வேன் கூரை மேலயே ஏறிப் பார்த்துட்டேன். இதுக்கு முந்தி எப்பவாச்சும் வேலை செஞ்சுச்சா? வியாழக்கிழமை நல்லா செஞ்சுச்சு. வியாழனுக்கப்பறம் யாராவது போனைத் தொட்டாங்களா? யாரும் தொடல.

"பின் மூடியக் கழட்டிப் பாருங்க"ன்னுச்சு பூரணி.

கழட்டினான். மூடிக்கும் பேட்டரிக்கும் நடுவுல, அளவா வெட்டி, கட்டம் போட்டு மந்திரம் எழுதின செப்புத் தகடு ஒண்ணு ஒட்டிக்கிட்டு இருந்துச்சு. வீரய்யா திரும்பி அக்காவப் பார்த்தான். அக்கா சன்னல் வழியா தேயிலையப் பார்த்தா.

"தகடு இருக்கு"ன்னான்.

"பேசுறது பக்கத்து டவர்ல இருந்து வருது, அது எப்படியும் வந்துரும். சட்டலைட்டு அம்புட்டுத் தூரத்துல இருந்து வரணும். தகடு மறைச்சா வராதுங்க. யாரு வச்சது?"

"நல்லதுக்குத்தான் வச்சேன். முனியாண்டி கோயில் பூசாரி மந்திரிச்சது. கண்ணு படக் கூடாதுன்னு"ன்னு நாகலெட்சுமி போனைப் பார்த்துச் சொன்னா.

"நல்லதுதான் அண்ணி. கைப்பையில பத்திரமா வச்சுக்கோங்க. போனுக்குத்தான் ஆகாது."

அண்ணின்னு கூப்பிட்டுருச்சேன்னு நாகலெட்சுமி புருசனப் பார்த்தா. அதுக்கு மேல தோஷத்தப் பத்தியோ அம்மனப் பத்தியோ அவ வாயத் தொறக்கல.

தகட எடுத்துட்டு மூடியப் போட்டு, வேனை விட்டு எறங்கிப் போனைக் கையில ஏந்திக்கிட்டு நின்னான். கொஞ்ச நேரத்துல புள்ளி மஸ்கெலியாவ விட்டுக் கெளம்பி, ஒரே தாவுல இந்தப் பக்கம் வந்து நின்னுச்சு. வீரய்யாவுக்கு உயிர் வந்துச்சு. ஆனா புள்ளியச் சுத்தி ஒண்ணுமே இல்ல. ஒரே பச்சை.

"புள்ளி வந்துருச்சு. ரோட்டத்தான் காணோம்."

"எங்க தோட்டத்து ரோடு அந்த மேப்புல இல்லைங்க. கடையில நான் பார்த்திருக்கேன்."

"அப்ப எதுக்கு இம்புட்டு நேரம் திருத்தச் சொன்னீங்க?"

"இல்லாட்டி பழிய போன் மேல போட்டுட்டுத் திரும்பிப் போயிருவீங்க."

அட, அந்தப் பொண்ணுக்கு எம்புட்டு நெஞ்சழுத்தம் பாருங்க. அத்தோட பேச்ச நிறுத்திருச்சு. போனையும் வைக்கல, வழியும் சொல்லல. பொன்னையா கடிகாரத்தத் தட்டித் தட்டிக் காட்டுறாரு. சடங்கு வீட்டு ஆளுங்க வேனைத் தள்ளினப்பவும் வராத வேர்வை வீரய்யாவுக்கு இப்ப வந்துச்சு. திரும்பிப் போனா ஸ்டேண்டுல எவனும் ஒண்ணும் சொல்லப் போறதில்ல, போன் கெட்டுப் போச்சுன்னு சொல்லிக்கலாம். ஆனா இந்தக் கொரலை இனிமே கேக்க முடியாது.

"பூரணி, எனக்கு வழி தெரியல. உங்க வீட்டுக்கு எப்படி வர்றது?"ன்னு கேட்டுட்டான்.

"தலையத் தூக்கி மேல பாருங்க"ன்னுச்சு.

பார்த்தான். வளைவுக்கு நேர் மேல, தேயிலைக்கு அங்கிட்டு ஒரு லயம். வாசல் நெறைய சனம் வரிசையா நின்னு கீழ பார்த்துக்கிட்டு இருக்கு. செல்லசாமியா இருக்கணும், இடுப்புல கைய வச்சுக்கிட்டு நிக்கிறாரு. அவருக்குப் பக்கத்துல அந்தக் கொடைக்காரரு. ஓரத்துல பட்டுச் சேலையில ஒரு பொண்ணு, காதுல போனோட. வேன்ல வந்த மூணு பேரும் வந்ததுலருந்து போனப் பார்த்தாங்களே தவிர ஒருத்தரும் நிமிந்து பார்க்கல.

"கூரையில ஏறினதையுமா பார்த்தீங்க?"

"எல்லாரும் பார்த்தோம். ஆண்டியப்பன் சித்தப்பாவ உங்களக் கூட்டியாரத்தான் அனுப்புனோம். யாரோ வேண்டுதலுக்கு வந்தவங்க, பேசாம ஒக்காந்து தண்ணி குடிக்கிறாங்கன்னு திரும்பி வந்துட்டாரு." பூரணி கொரலைத் தணிச்சுக்கிச்சு. "போன தடவையும் இந்த வளைவுலதான் நின்னீங்க. பனிக்குள்ள வேன் லைட்டு கொஞ்ச நேரம் எரிஞ்சுச்சு, அப்பறம் திரும்பிருச்சு. ஒரு சத்தம் குடுத்திருந்தா போதும், நான் ஓடி வந்திருப்பேன். எடது பக்கம் ஏத்துங்க, நேரா வாசல்தான்."

நாலரைக்கு முன்னாடி வாசப்படி மிதிச்சுட்டாங்க. கேசரி வந்துச்சு, தேத்தண்ணி வந்துச்சு, பூரணியே கொண்டாந்து குடுத்துச்சு. அப்பவும் சிரிக்கல. செல்லசாமி தொண்டையச் செருமிக்கிட்டு, "வழி தெரிஞ்சு வந்தீங்களா தம்பி?"ன்னு கேட்டாரு.

"இல்லைங்க மாமா. கேட்டுத்தான் வந்தேன்"னான் வீரய்யா.

செல்லசாமி வீட்டம்மாவப் பார்த்தாரு. வெத்தலத் தட்டு கை மாறுச்சு. ஆண்டியப்பன் நாகலெட்சுமிகிட்ட, "நான் அப்பவே கேட்டேன், இப்பவாச்சும் சொல்லுங்க, எங்க போறீங்க?"ன்னாரு. "இங்கதாங்க அண்ணே"ன்னு அவ சேலைத் தலைப்பால வாயப் பொத்திக்கிட்டா.

கெளம்புற நேரம் சனமெல்லாம் வேனைச் சுத்தி நின்னுச்சு. வீரய்யா ஏறி ஒக்காந்து சாவியப் போட்டவன், திரும்ப எறங்கினான். ஊருக்குப் போற ரோடு அவனுக்குத் தூக்கத்துல கூடத் தெரியும். கூட்டத்த வெலக்கிக்கிட்டு வாசப்படிக்கிட்ட வந்து, மாமனாரு, சித்தப்பா எல்லாரும் கேக்க, பூரணிகிட்டக் கேட்டான்.

"மஸ்கெலியாவுக்கு எப்படிங்க போறது?"

பூரணி அப்பத்தான் சிரிச்சுச்சு.