ஒன்பதாவது ஒலி

என் நாவலில் காலம் பின்னோக்கிப் போவதற்கு ஒரு சத்தம் வேண்டியிருந்தது. ஒன்றரை வருடமாக அது எனக்குப் பிடிபடவில்லை.

கதை ஒரு கற்பனை உலகத்தில் நடக்கிறது. அங்கே ஆதி மனிதர் பேசிய மொழி அழிந்து, அதிலிருந்து ஒன்பது ஒலிகள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன. ஒன்றைச் சொன்னால் பெய்கிற மழை அந்தரத்தில் நிற்கும். இன்னொன்றைச் சொன்னால் பழுத்த மாம்பழம் பிஞ்சாகும். ஒன்பதாவதுதான் பெரியது. அது போனவனைப் புறப்பட்ட இடத்துக்கே கொண்டுவந்து நிறுத்தும். சொல்ல நன்றாகத்தான் இருக்கிறது, எழுதிப் பார்த்தால் தெரியும் பாடு. 'ஹ்ரூஉம்' என்று எழுதினேன். 'ங்ஙாஅ' என்று எழுதினேன். நெல்லியடிப் பள்ளிக்கூடத்தில் படிப்பித்துவிட்டு வந்து, தேத்தண்ணிகூடக் குடிக்காமல் விறாந்தையில் இருந்து உரத்துச் சொல்லிப் பார்த்தேன். மகள் எட்டிப் பார்த்தாள்.

"அம்மா, இது காலத்தைத் திருப்பிற சத்தமோ, வயித்துக்குத்தோ?"

கொழும்பிலிருக்கும் பதிப்பாளர் அதையே மரியாதையாகச் சொன்னார். "மற்றதெல்லாம் நல்லா வந்திருக்கு டீச்சர். அந்தச் சத்தங்கள் வாற இடத்திலதான் சிரிப்பு வருது." மாத முடிவுக்குள் திருத்தித் தரும்படி கேட்டார். போனை வைத்துவிட்டு அன்று முழுக்க வீட்டில் எல்லோர் மேலும் எரிந்து விழுந்தேன்.

நானும் அண்ணையும் ஒரே வளவில் இருக்கிறோம். முன்வீடு அவருடையது, பின்வீடு என்னுடையது, தெருவாசல் படலை இருவருக்கும் ஒன்று. அண்ணை நாற்பது வருடம் கடலுக்குப் போனவர். இப்போது இரண்டு கண்ணிலும் வெண்புரை. வலையில் கட்டிய மிதவைக்கொடி தெரியவில்லை என்று அவருடைய மருமகன் அவரைக் கரையிலேயே விட்டுவிட்டுப் போகிறார். அண்ணைக்கு அது பெரிய வெட்கம். வள்ளம் வெளிக்கிடும் நேரத்தில் வேண்டுமென்றே கடைப்பக்கம் போய்விடுவார். ஏழு மாதம் காத்திருந்து, கண் வெட்டிப் புரை எடுப்பதற்குப் பட்டணத்து ஆஸ்பத்திரியில் ஒரு திகதி கிடைத்திருந்தது.

அந்த அண்ணையிடம் ஒரு சத்தம் இருந்தது. கடலில் போன் இல்லாத காலத்தில், ஒரு வள்ளத்திலிருந்து தூரத்து வள்ளத்தைக் கூப்பிடுகிற நீண்ட குரல். சின்ன வயதில் கரையில் நின்று கேட்டிருக்கிறேன். அதுதான் என் ஒன்பதாவது ஒலி, அதை எப்படியாவது எழுத்தில் பிடித்துவிடலாம் என்று முடிவு கட்டினேன். ஒரு கிழமையாகக் கேட்டுக்கொண்டே இருந்தேன். அவர் மழுப்பிக்கொண்டே இருந்தார்.

"வீட்டுக்கை இருந்து கத்த அது வராது தங்கச்சி. சனம் எனக்கு விசர் பிடிச்சிட்டுது எண்டெல்லோ நினைக்கும்."

"எனக்கு விசர் எண்டு சனம் எப்பவோ முடிவெடுத்திட்டுது. ஒருக்காக் கத்துங்கோ, நான் போனிலை பிடிக்கிறன்."

"கண்ணை வெட்டிப்போட்டு வந்து பாப்பம்."

ஒரு சத்தம் போட இந்த மனிசனுக்கு இத்தனை பிகுவா என்று உள்ளுக்குள் கொதித்தேன்.

கண் வெட்டுகிற நாளன்று விடியவே அண்ணையும் அவருடைய மனைவியான மச்சாளும் வெளிக்கிட்டார்கள். ஏழு மணிக்கு முன் பதிய வேண்டும். நான் விறாந்தை மேசையில் ஒன்பதாவது ஒலியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். நிமிர்ந்து பார்த்தபோது அண்ணை படலையைத் தாண்டிக்கொண்டிருந்தார். கண் வெட்டியபின் கொஞ்ச நாளைக்குக் குனியாதே, கத்தாதே என்று சொல்லி அனுப்புவார்கள், அது தீர்வதற்குள் பதிப்பாளர் சொன்ன மாதம் முடிந்துவிடும். என் மூளையில் ஓடியது அது ஒன்றுதான்.

"அண்ணை!" என்று கத்தினேன்.

எங்கள் ஊரில் வெளிக்கிட்டுப் போகிறவரைப் பின்னால் நின்று கூப்பிடக் கூடாது. கடலுக்குப் போகிற வீடுகளில் அது இன்னும் கடுமை. கூப்பிட்டுவிட்டால், போனவர் திரும்பி வந்து, இருந்து, தண்ணீர் குடித்து, புதிதாக வெளிக்கிட வேண்டும். பிறந்ததிலிருந்து தெரிந்த சட்டம். ஐம்பத்திரண்டு வயதுக் கழுதைக்கு அந்த நேரத்தில் மறந்துவிட்டது.

மச்சாள் நின்ற இடத்தில் அப்படியே நின்றுவிட்டார். "என்ன வேலை பாத்தனீர்? கண் வெட்டப் போற மனிசனை!"

அண்ணை மறுபேச்சில்லாமல் திரும்பினார். முன்வீட்டில் ஏறிக் கதிரையில் இருந்தார். நான் ஓடிப்போய் முன்னால் நின்றேன்.

"என்னத்துக்குக் கூப்பிட்டனீ?"

சத்தத்துக்காக என்று சொல்ல வாய் வரவில்லை. "கிளினிக் கொப்பி எடுத்தனீங்களோ எண்டு..."

கொப்பி அவருடைய பைக்குள்தான் இருந்தது. "தண்ணியும் வேண்டாம் ஒண்டும் வேண்டாம், பஸ் போகப்போகுது, எழும்புங்கோ!" என்று கத்தினேன். மச்சாளா கேட்பார்? செம்பை நீட்டினார். அண்ணை அண்ணாந்து குடித்துக்கொண்டிருக்கும்போது, சந்தியில் பஸ் ஹோர்ன் அடித்துக்கொண்டு போனது. அடுத்த பஸ் அரை மணித்தியாலம் கழித்து வந்தது. கை காட்டியவர்களுக்கெல்லாம் நின்று நின்று அது போய்ச் சேரப் பதிவு முடிந்துவிட்டது. ஆறு மாதம் கழித்து வேறு திகதி கொடுத்தார்கள்.

எனக்கு வந்த ஆத்திரத்தை எங்கே கொட்டுவதென்று தெரியவில்லை. மச்சாளின் செம்பில் கோபம், பஸ்காரனில் கோபம், அந்த மடச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டுக் கதிரையில் போய் இருந்த அண்ணையில் கோபம். எல்லோரையும் சுற்றிவிட்டுக் கடைசியில் அது என்னிடம் வந்து நின்றது. அடுத்த நாள் 'ஹ்ரூஉம்' தொடக்கம் எல்லாச் சத்தங்களையும் அழித்தேன். ஒன்பதாவது ஒலி வருகிற இடத்தில், ஒரு தங்கை படலையைத் தாண்டிய அண்ணனைக் கூப்பிடுகிறாள், அவன் திரும்பி வருகிறான் என்று மட்டும் எழுதினேன். பதிப்பாளர் அந்தப் பக்கத்தில் ஒரு கோடுகூடப் போடவில்லை.

புதுத் திகதிக்கு இன்னும் இரண்டு மாதம் இருக்கும்போது புத்தகம் அச்சாகி வந்தது. அண்ணை அட்டையைத் தடவிப் பார்த்துவிட்டு, "இந்தக் கண்ணுக்கு எழுத்துத் தெரியாது, நீயே வாசி" என்றார். நாளுக்கொரு அத்தியாயமாக வாசித்தேன். அந்த இடம் வந்ததும் தாண்டிப் போகப் பார்த்தேன். மகள் கண்டுபிடித்துவிட்டாள். வேறு வழியில்லாமல் வாசித்து முடித்தேன். அண்ணை கதிரையில் நிமிர்ந்து இருந்தார்.

"எல்லாம் சரி. உவள் என்னத்துக்கு அவனைக் கூப்பிட்டவள்? அதை நீ எழுதேல்லையே."

நான் புத்தகத்தை மூடினேன்.

"அண்டைக்கு நான் கூப்பிட்டது கொப்பிக்கு இல்லை அண்ணை" என்றேன். "எனக்கு உங்கடை அந்தச் சத்தம் வேணுமாயிருந்தது. கண் வெட்டினாப் பிறகு உங்களைக் கத்த விடமாட்டினம் எண்டு..."

அவர் என் குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பினார். ஏசுவார் என்று காத்திருந்தேன். ஏசியிருந்தால் எனக்கு எவ்வளவோ ஆறுதலாக இருந்திருக்கும்.

"பிறகு, சத்தம் கிடைச்சதோ?" என்று கேட்டார்.

"ஓம், கிடைச்சது" என்றேன்.